கஞ்சா கேஸ்ல சிக்குன வண்டி ஓனர் கைக்குத் திரும்புமா? கொடைக்கானல் பக்கம் அனுபவப்பட்டவங்க சொல்லுங்க

பெருமாள்மலை, பிக்கப் ஓனர்:

நானே ஆரம்பிக்கிறேன். பூம்பாறை பூண்டு, மன்னவனூர் கேரட் ஏத்திக்கிட்டு ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டுக்குப் போற வண்டி. காலியா மலை ஏறி வரும்போது சோதனை போட்டாங்க, சீட்டுக்குப் பின்னாடி கஞ்சா. டிரைவரையும் கூட வந்தவனையும் உள்ள தள்ளிட்டாங்க. எஃப்.ஐ.ஆர்.ல என் பேர் இல்ல. ஆனா வண்டி ஸ்டேஷன் வாசல்ல நிக்குது.

"கஞ்சா வண்டியா? அரசாங்கத்துக்குத்தான், மறந்துருங்க"ன்னு ஊரே தீர்ப்பு சொல்லிருச்சு. ஸ்டேஷன்லயும் அதே பதில்தான். மதுரை சிறப்பு நீதிமன்றத்துல மனு போட்ட வக்கீல் மட்டும் சுப்ரீம் கோர்ட்டோட 2025 தீர்ப்பு ரெண்டை எடுத்து வச்சார். ஒண்ணு அசாம் லாரி வழக்கு. போதைப்பொருள் சட்டத்துல இடைக்காலமா வண்டியைத் திருப்பிக் கொடுக்கத் தடை எதுவும் இல்லைன்னு அதுல இருக்கு. இன்னொண்ணு நம்ம தமிழ்நாட்டு லாரி, ராணிப்பேட்டைக்கு இரும்புத் தகடு ஏத்தி வந்தது. இந்தச் சட்டத்துக்கு 2022 விதிகள் வந்ததால வண்டியைப் பத்தி முடிவு பண்றது, பிடிபட்ட சரக்கை அழிக்கிறதுக்குன்னு இருக்குற அதிகாரிகள் கமிட்டியோட வேலை, கோர்ட்டுக்கு அதிகாரம் இல்லைன்னு அதுவரை சொல்லிக்கிட்டு இருந்தாங்க. அது சரியில்லைன்னு அந்த லாரியைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லிருச்சு சுப்ரீம் கோர்ட்.

எனக்கும் கிடைச்சுது. பாண்டு, ஜாமீன்தாரர், நாலு பக்கமும் போட்டோ. விக்கக் கூடாது, உருவத்தை மாத்தக் கூடாது, கூப்பிட்டா கொண்டு வந்து நிறுத்தணும். ஒரிஜினல் ஆர்.சி. கோர்ட்ல இருக்கு.

வண்டி வந்துருச்சுன்னு நிம்மதியா இருந்தா, வக்கீல் சொன்னது வேற. இது இடைக்காலம்தான். கேஸ் முடியும்போது வண்டியை அரசுடைமை ஆக்கணுமான்னு கோர்ட் தனியா பார்க்கும். போதைப்பொருள் சட்டம் 60(3) பிரிவுப்படி நிரூபிக்க வேண்டியது ஓனர். எனக்குத் தெரியாதுன்னா மட்டும் பத்தாது. ஓனர், அவரோட ஏஜென்ட், வண்டிப் பொறுப்புல இருந்த ஆள், இவங்க யாருக்கும் தெரியாம நடந்ததுன்னும், ஒவ்வொருத்தரும் முன்னெச்சரிக்கையா இருந்தாங்கன்னும் காட்டணும். என் டிரைவரே அக்யூஸ்ட், அவன்தான் வண்டிப் பொறுப்பு. இடிக்கிறது அங்கதான். டிரைவர் லைசென்ஸ் நகல், மண்டிச் சீட்டு, ஜிபிஎஸ் பதிவு எல்லாம் சேர்த்துக்கிட்டு இருக்கேன். ஒரு விஷயம், 63-வது பிரிவுப்படி உரிமை கோருறவரைக் கேட்காம அரசுடைமை உத்தரவு போட முடியாது. அதனால டிரைவர் கேஸ்தானேன்னு விட்டுறாதீங்க, உங்க பேர்ல தனி வக்கீல் வச்சு நில்லுங்க.

வத்தலகுண்டு:

அண்ணே, ஆர்.சி. உங்க பேர்ல இருந்ததால தப்பிச்சீங்க. எங்க மாமா பழைய பைக்கை வாங்கி பேர் மாத்தாமலே ஓட்டிக்கிட்டு இருந்தார். யாரோ இரவல் கேட்டு எடுத்துட்டுப் போய் சாராய கேஸ்ல மாட்டிக்கிட்டாங்க. நோட்டீஸ் போனது வித்தவருக்கு. அவரோ "எனக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல"ன்னுட்டார். மாமா காசு கொடுத்ததுக்கு ஒரு துண்டுச் சீட்டு கிடையாது. பைக் போயிருச்சு.

தாண்டிக்குடி:

மரக்கடத்தல் கேஸா இருந்தா வழியே வேற. தமிழ்நாடு வனச் சட்டம் 49-ஏ பிரிவுப்படி வனத்துறை அதிகாரியே வண்டியை அரசுடைமை ஆக்கலாம், கோர்ட் தீர்ப்பு வர்ற வரைக்கும் காத்திருக்க மாட்டாங்க. ஆனா அதுக்கு முன்னாடி நோட்டீஸ் கொடுத்தாகணும். எங்க ஜீப்புக்கு வந்ததை வீட்டுல வாங்கி காபித்தூள் டப்பா பின்னாடி செருகிட்டாங்க, நல்லவேளை கெடு தாண்டுறதுக்குள்ள கண்ல பட்டுச்சு. எழுத்துல பதில் கொடுங்க, கொடுத்ததுக்கு ரசீது வாங்குங்க. உத்தரவு பாதகமா வந்தா மேல்முறையீடு இருக்கு.

பெருமாள்மலை, பிக்கப் ஓனர்:

நன்றிங்க. என் கேஸ் இன்னும் சாட்சி விசாரணையிலதான் ஓடுது. இப்ப வண்டிக்கு எஃப்.சி. (தகுதிச் சான்று) எடுக்குற நேரம் வருது, கேபின் பூரா துரு. உருவத்தை மாத்தக் கூடாதுன்னு நிபந்தனை இருக்கும்போது அதே கலர்ல பெயிண்ட் அடிக்கக் கோர்ட்ல தனியா அனுமதி வாங்கணுமா? அடிச்சவங்க யாராவது இருந்தா சொல்லுங்க.