உதயம் முடிந்ததும் மேற்கே திரும்புங்கள்: சிவனொளிபாதமலை நிழல்

அன்புள்ள ஊர் உறவுகளுக்கு,

டிசம்பர் பௌர்ணமியில் தொடங்கும் சிவனொளிபாதமலை யாத்திரை மே மாத வெசாக் பௌர்ணமி வரை நடக்கும். பிள்ளைகளோடு ஊருக்குப் போகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். ஐயாயிரத்துக்கு மேற்பட்ட படி ஏறிப் போய், சூரியன் எழும்புவதைக் கும்பிட்டுவிட்டு உடனே இறங்கிவிடுகிறோம். அந்த நேரத்தில்தான் முதுகுக்குப் பின்னால், மேற்கில், மலையின் நிழல் முழு முக்கோணமாக விரிந்து கிடக்கும்.

சூரியன் தெரிந்த கையோடு மேல் முற்றத்தின் மேற்குச் சுவரோரம் போய் நில்லுங்கள். கூட்டமெல்லாம் கிழக்குப் பக்கம் நெருக்கிக்கொண்டு நிற்பதால் அங்கே இடம் கிடைக்கும். முதல் இருபது நிமிடம்தான் அருமையான நேரம். மலை 2243 மீற்றர் உயரம். சூரியன் அடிவானத்திலிருந்து 2 பாகை உயரத்தில் நிற்கும்போது கணக்குப்படி நிழல் சுமார் 64 கிலோமீற்றர் நீளும். 5 பாகையில் அது சுமார் 26 கிலோமீற்றராகும், 10 பாகையில் 13க்கும் குறைந்துவிடும். நம்முடைய பக்கம் சூரியன் நாலு நிமிடத்துக்கு ஏறத்தாழ ஒரு பாகை ஏறும். ஆகவே தேத்தண்ணி குடித்துவிட்டுப் பார்க்கலாம் என்று கீழே கடைக்கு இறங்கினால் நிழல் பாதிக்கும் கீழே சுருங்கியிருக்கும்.

மலை கூம்பாக இருப்பதால்தான் நிழலும் முக்கோணம் என்று பலர் நினைக்கிறார்கள். உச்சி தட்டையாக இருந்தாலும் அப்படித்தான் தெரியும். ஹட்டன் ஸ்டேசனில் நின்று பார்த்தால் இரண்டு தண்டவாளமும் தூரத்தில் ஒன்று சேர்வதுபோல் தோன்றுகிறதல்லவா? நீண்ட நிழலின் இரண்டு ஓரமும் அதேமாதிரிதான் தூரப் போகப்போகக் குவிகின்றன. குவியும் முனை, சூரியனுக்கு நேர் எதிர்த்திசையில் இருக்கும். டிசம்பரில் அது மேற்கிலிருந்து வடக்குப் பக்கமாகச் சாயும், பெப்ரவரி நடுப்பகுதியில் ஏறத்தாழக் கொழும்பு இருக்கும் பக்கம் நீளும், மார்ச் 20ஐ ஒட்டி நேர் மேற்கு, அதற்குப் பிறகு தெற்குப் பக்கம் நகரும்.

நிழல் தரையில் படுத்திருக்காமல் காற்றில் எழும்பி நிற்பதுபோல் தெரிகிற நாட்களும் உண்டு. கானல்நீர் போல வெவ்வேறு சூடுள்ள காற்றடுக்குகள் ஒளியை வளைப்பதால் வருவது என்று முன்பு ஒரு விளக்கம் சொன்னார்கள். 1880களில் ரால்ஃப் அபர்குரோம்பி என்ற வானிலை ஆய்வாளர் உச்சிக்கே போய்ப் பார்த்து, அது பனிமூட்டத்தின் வேலை என்று எழுதினார். காற்று அடித்துக்கொண்டு வரும் மூட்டம் பார்ப்பவருக்குக் கிட்ட வரும்போது, தூரத் தரையில் விழவேண்டிய நிழல் அந்த மூட்டத்திலேயே விழுகிறது. அதனால் நிமிர்ந்த மாதிரி இருக்கும். மூட்டம் கலைந்ததும் பழையபடி தரைக்கு இறங்கிவிடும்.

மூட்டம் மேற்குப் பள்ளத்தில் நமக்குக் கீழே நின்றால் இன்னொன்றும் கிடைக்கலாம். நிழல் முனையைச் சுற்றிச் சிறிய வண்ண வளையம், உள்ளே நீலம், வெளியே சிவப்பு. இது வானவில் இல்லை. வானவில்லுக்கு மழைத்துளி வேண்டும், வட்டமும் பெரிது. இந்த வளையத்தை உண்டாக்குவது மில்லிமீற்றரில் நூறில் ஒன்றிரண்டு பங்கு அளவான மூட்டத் துளிகள். வந்த வெளிச்சத்தையே அவை வந்த வழிக்குத் திருப்பி அனுப்புகின்றன. துளிகள் ஒரே அளவாயிருந்தால் இரண்டு மூன்று வளையம்கூடத் தெளியும், கலப்படமாயிருந்தால் வெறும் வெள்ளைப் பூச்சுத்தான். ஒவ்வொருவருக்கும் தன் தலை நிழலைச் சுற்றித்தான் வளையம் தெரியும். பிள்ளைகளுக்கு இதை முதலிலேயே சொல்லி வையுங்கள், "என்னைச் சுற்றித்தான்" என்று சண்டை பிடிக்காமல் இருப்பார்கள்.

தவறிப்போகிற இடங்கள்: போயா (பௌர்ணமி) தினத்திலும் சனி ஞாயிறிலும் கடைசிப் படிகளில் வரிசை நகராது, உதயம் நடுவழியிலேயே முடிந்துவிடும். வாரநாளில், மலையடிவார ஊரான நல்லதண்ணியிலிருந்து இரவு இரண்டு மணிக்கு முன்பே ஏறத் தொடங்குங்கள். கிழக்கில் அடிவானம் மேகமாயிருந்தால் நிழலே இல்லை. உச்சியே மூட்டத்துக்குள் இருந்தால் அவசரப்பட்டு இறங்க வேண்டாம். அரைமணி பொறுத்தால் விலகி, சிறுத்த நிழலையாவது காட்டலாம்.

போன் கமராவைச் சட்டைக்குள் சூடாக வைத்திருங்கள். குளிர்ந்த கண்ணாடியில் மூட்ட நீர் படிந்துவிடும், பற்றரியும் சீக்கிரம் இறங்கும். எடுக்கும்போது நிழலின் ஓரத்தில் விரலால் தொட்டு வெளிச்சத்தைக் கொஞ்சம் குறையுங்கள். பிளாஷ் வேண்டாம், முன்னால் நிற்கும் மூட்டத்தை மட்டும் வெளுப்பாக்கிவிடும்.

மலையேற முடியாத பெரியவர்களுக்கும் வளையம் பார்க்க வழி இருக்கிறது. பகல் விமானத்தில் சூரியனுக்கு எதிர்ப்பக்க யன்னல் இருக்கை கேளுங்கள். காலையில் வடக்கிலிருந்து கட்டுநாயக்கா விமான நிலையத்துக்கு இறங்கினால் அது மேற்குப் பக்கம், பறக்கும் திசைக்கு வலப்புறம். கீழே மேகம் விரிந்திருக்கும்போது விமானத்தின் நிழல் விழும் இடத்தைத் தேடுங்கள். நிழல் தெரியாத உயரத்திலும் வளையம் அங்கே கூடவே ஓடி வரும்.