கொளப்பள்ளி சொந்தங்கள்: மே 18 விளக்கு

ராஜம்மாள் அக்கா: மே 18 மாலை 6 மணிக்குக் கோவில் மண்டபம் கேட்டிருக்கிறேன். 2009 இலங்கைப் போர் முடிந்த அன்று வன்னியில் இறந்த பேச்சியம்மாள் அத்தைக்கும் பிள்ளைகளுக்கும் நினைவு விளக்கு. யார் யார் வருகிறீர்கள்?

சிவா: நான்.

முருகேசு மாமா: அன்றுதான் என் தங்கை மகளைப் பெண் பார்க்க வருகிறார்கள். தேதியை மாற்றக்கூடாதா?

ராஜம்மாள் அக்கா: இறந்த நாளை எப்படி மாற்றுவது மாமா?

செல்வம்: 6 மணி வேண்டாம். மண்டபத்துப் பக்கம் நேற்றும் யானை.

பிரியா: எனக்கு ஒரு சந்தேகம். அவ்வளவு பெரிய போரை வெளியே இருந்தவர்கள் எப்படித் தடுத்திருக்க முடியும்?

தங்கராசு சித்தப்பா: பிரியா, முடியாது என்பதை நான் ஒப்பமாட்டேன். 2008 செப்டம்பரில் ஐ.நா. ஊழியர்கள் கிளிநொச்சியை விட்டுப் புறப்பட்டபோது, மக்கள் அலுவலக வாசலில் திரண்டு போகாதீர்கள் என்று கெஞ்சினார்கள். வெளியாள் ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தால் உயிர் தப்பலாம் என்ற நம்பிக்கை. போய்விட்டார்கள். 2009 ஜனவரியில் இலங்கை அரசே பாதுகாப்பு வலயம் என்று அறிவித்தது, அதற்குள்ளேயே ஷெல் அடித்தது. சாவுக் கணக்கு கையில் இருந்தும் கொழும்பிலிருந்த ஐ.நா. அதிகாரிகள் அதை வெளியிடவில்லை. 2012இல் ஐ.நா.வின் சொந்த விசாரணை அறிக்கையே இதைச் சொன்னது. இறந்த பொதுமக்கள் 40,000 வரை இருக்கலாம் என்று 2011இல் ஐ.நா. நிபுணர் குழு எழுதியது.

சிவா: டெல்லி என்ன செய்தது?

தங்கராசு சித்தப்பா: மே 27. போர் முடிந்த ஒன்பதே நாளில், ஜெனீவாவில் ஐ.நா. மனித உரிமைப் பேரவையில் இலங்கையைப் பாராட்டிய தீர்மானத்துக்கு 29 நாடுகள் வாக்களித்தன. இந்தியாவும் அதில் ஒன்று.

பிரியா: இனப்படுகொலை என்று நீதிமன்றம் எதுவும் தீர்ப்புச் சொல்லவில்லையே சித்தப்பா?

தங்கராசு சித்தப்பா: தீர்ப்பு வரும்வரை கை கட்டி நிற்க 1948 இனப்படுகொலைத் தடுப்பு உடன்படிக்கை இடம் தரவில்லை அம்மா. பெரும் ஆபத்து இருப்பது தெரிந்த கணத்திலேயே தடுக்கும் கடமை தொடங்கிவிடுகிறது என்று போஸ்னியா இனப்படுகொலை வழக்கில் 2007இல் சர்வதேச நீதிமன்றம் சொன்னது.

முருகேசு மாமா: ராஜம்மாள், உன் அப்பா இந்தியாவுக்கு வந்த அன்று தன் அக்காள் பேச்சியம்மாளையும் கப்பலில் ஏற்றியிருந்தால் இந்த விளக்கே தேவைப்பட்டிருக்காது.

ராஜம்மாள் அக்கா: மறுபடியும் அதுவா? 1964இல் இலங்கைத் தோட்டத் தமிழர்களை 5,25,000 பேர் இங்கே இந்தியாவுக்கு, 3,00,000 பேர் அங்கே இலங்கைக்கு என்று இரண்டு அரசுகள் பிரித்தன. அப்பாவை யார் கேட்டார்கள்? 1977 கலவரத்துக்குப் பயந்துதான் அத்தை மலையகத்து ஹட்டனிலிருந்து வடக்கே வன்னிக்குப் போனாள்.

சிவா: மாமா, அதை விடுங்கள்.

செல்வம்: 4 மணி சரியா?

பிரியா: தேயிலைக் கொழுந்து எடை முடிய 5 ஆகும்.

ராஜம்மாள் அக்கா: மாமா, பெண் பார்க்க வருபவர்களையும் அழைத்து வாருங்கள். நம் குடும்பத்துக்கு என்ன நடந்தது என்று அவர்களுக்கும் தெரியட்டும்.

முருகேசு மாமா: தங்கையிடம் கேட்கிறேன்.

செல்வம்: வனத்துறையில் விசாரித்துவிட்டு நேரம் சொல்கிறேன். மண்டபச் சாவி யாரிடம் இருக்கிறது?