சல்மாவை வாசிக்க அவர் வாழ்க்கைக் கதை தேவையா?

பின்னிரவு:
கவிஞரும் நாவலாசிரியருமான சல்மா என்றாலே எல்லாரும் ஒரே கதையைத்தான் சொல்கிறார்கள். 1968இல் துவரங்குறிச்சியில் பிறந்தார், வயதுக்கு வந்ததும் படிப்பை நிறுத்திவிட்டார்கள், குடும்பத்துக்குத் தெரியாமல் எழுதினார், புனைபெயரில் வெளியிட்டார், 2001இல் பொன்னம்பட்டி பேரூராட்சித் தலைவரானார், 2025இல் மாநிலங்களவைக்குப் போனார். 2013இல் கிம் லாங்கினாட்டோ எடுத்த ஆவணப்படம் இந்தக் கதையை உலகம் முழுக்கக் கொண்டுபோனது. எல்லாம் உண்மை, மதிக்க வேண்டிய வாழ்க்கை. ஆனால் அவர் எழுதிய ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’யை ஒரு நாவலாக எடுத்து யார் பேசுகிறார்கள்? ராபியா என்ற சிறுமியின் கண் வழியாக ஒரு தெருவையே எழுதியிருக்கிறார். நாமோ ‘ராபியாதான் சல்மா’ என்று சொல்லிப் புத்தகத்தை மூடிவிடுகிறோம். பிர்தவ்ஸ், வஹிதா, மாரியாயி எல்லாரும் காணாமல் போய்விடுகிறார்கள். வாழ்க்கைக் கதையை ஓரமாக வைத்துவிட்டுப் படியுங்கள் என்பது என் கட்சி.

வைகைக்கரை:
ஒத்துக்கொள்ள முடியவில்லை தோழர். அவருடைய ‘ஒரு மாலையும் இன்னொரு மாலையும்’ கவிதைத் தொகுப்பை (2000) எடுத்துக்கொள்ளுங்கள். அந்தக் கவிதைகள் ஏன் அவ்வளவு குறுகலான இடத்தில் நடக்கின்றன? படுக்கையறை, சன்னல், சுவர், இரவு. ஒரு பெண்ணுக்கு உலகமாக எது விடப்பட்டதோ அதுதான் கவிதைக்கும் இடம். வாழ்க்கையை ஓரமாக வைத்தால் அந்த இறுக்கம் வெறும் உத்தியாகத் தெரியும். அது உத்தி இல்லை.

பின்னிரவு:
நான்கு சுவருக்குள் இருந்த பெண்கள் நம் ஊரில் லட்சக்கணக்கில் உண்டு. எல்லாரும் அந்தக் கவிதைகளை எழுதிவிடவில்லையே. அந்தத் தொகுப்பிலேயே ‘இரண்டாம் ஜாமத்துக் கதை’ என்று ஒரு கவிதை இருக்கிறது. பிள்ளை பெற்ற உடம்பில் பழைய அழகைத் தேடி ஏமாறும் கணவனிடம் ஒரு பெண் பேசுகிறாள். புலம்பல் கிடையாது. கணக்குத் தீர்ப்பதுபோல நிதானமாகப் பேசுகிறாள். அந்த நிதானத்தைத் துயரம் கொடுக்காது, மொழிப் பயிற்சிதான் கொடுக்கும். நாம் பேச வேண்டியது அதைப் பற்றி. நான்கு வருடம் கழித்து, 2004இல், கிட்டத்தட்ட அதே தலைப்பில் நாவல் வருகிறது. கவிதையில் ஒருத்தியின் இரவு, நாவலில் தெருவிலுள்ள அத்தனை பெண்களின் இரவுகள். எழுத்துக்குள்ளேயே நடந்த வளர்ச்சி இது.

வைகைக்கரை:
சரி, அந்த நான்கு வருடத்தில் என்ன நடந்தது? பேரூராட்சித் தலைவரானார். வீட்டு வாசலைத் தாண்டியிராத பெண் சாக்கடை, குடிநீர், சண்டை சச்சரவு என்று ஊர் முழுக்கப் போய்வருகிறார். அந்தப் பதவியில் இருக்கும்போதுதான் நாவல் வருகிறது. கவிதையின் ஒற்றைக் குரல் நாவலில் பல குரலாக விரிந்ததற்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை என்கிறீர்களா? வாழ்க்கையைத் தள்ளிவைத்தால் நீங்கள் சொல்லும் வளர்ச்சிக்கே காரணம் கிடைக்காது.

நூலகத்தூண்:
நான் முஸ்லிம் குடும்பத்துப் பிள்ளை, எனக்கு வேறு ஒரு கவலை. நாவலில் என் பெரியம்மாக்களின் பேச்சைக் கேட்டேன், அவ்வளவு அசல். ஆனால் வெளியே இருப்பவர்கள் இதைப் படித்துவிட்டு ‘பாருங்கள், அவர்கள் இப்படித்தான்’ என்று கிளம்பிவிடுகிறார்கள். பிர்தவ்ஸ் கதையை மட்டும் எடுத்துப் பேசுபவர்கள், நோன்பு நாளில் அந்தப் பெண்கள் ஒன்றுகூடிச் சிரிப்பதை, வெட்கமில்லாமல் கதை பேசுவதைச் சொல்வதில்லை. அந்தச் சிரிப்பு இல்லாத நாவல் பொய்யான நாவல். தோப்பில் முகமது மீரான் ‘ஒரு கடலோர கிராமத்தின் கதை’யில் ஊர்ப் பெரிய மனிதரின் அதிகாரத்தைக் கடுமையாக எழுதினார். அதை யாரும் ‘ஆணின் விடுதலைக் கதை’ ஆக்கவில்லை, நாவலாகத்தான் படித்தார்கள். சல்மாவுக்கு மட்டும் ஏன் வேறு அளவுகோல்?

செங்காந்தள்:
நூலகத்தூண் கேட்டதுதான் சரியான கேள்வி. 2003 வாக்கில் சல்மா, குட்டி ரேவதி, மாலதி மைத்ரி, சுகிர்தராணி என்ற நான்கு பெண் கவிஞர்களையும் சேர்த்து வைத்துத் திட்டினார்கள், ஆபாசம் என்றார்கள். திட்டியவர்களும் சரி, ஆதரித்தவர்கள் பலரும் சரி, கவிதையைவிட எழுதிய பெண்ணைத்தான் பார்த்தார்கள். நான்கு பேர் மொழியும் ஒன்றுக்கொன்று துளியும் ஒட்டாது. அந்த வித்தியாசத்தைப் பேச ஆள் இல்லை.

அப்புறம், நாவலில் எனக்கு ஆறவே ஆறாத இடம் ஒன்று உண்டு. கரீம் மாரியாயியோடு வைத்திருக்கும் உறவைத் தெரு கண்டும் காணாமல் விடுகிறது. பிர்தவ்ஸ் சிவாவோடு பழகுவதை மட்டும் விடுவதில்லை. இதைச் சல்மா எங்கும் வாதமாகச் சொல்லவில்லை. இரண்டையும் ஒரே தெருவில் வைத்துவிட்டுப் போகிறார், அவ்வளவுதான். நாவலாசிரியர் என்று அவரை நான் மதிப்பது அதற்காக.

வைகைக்கரை:
அந்த இடம் எனக்கும் பிடிக்கும். ஆனால் இப்படி எழுதத் தெரிவதற்குத் தெருவுக்குள் இருந்து, வாயை மூடிக்கொண்டு, வருடக்கணக்கில் கேட்டிருக்க வேண்டும். எப்படிக் கேட்டார் என்பதை மறக்க நான் தயாரில்லை.

பின்னிரவு:
மறக்கச் சொல்லவில்லை. முதலில் அதைச் சொல்லாதீர்கள் என்கிறேன். ‘மனாமியங்கள்’ (2016) நாவலுக்கு உங்கள் சாவி உதவாது பாருங்கள். ஹசன் இரண்டாம் மணம் செய்ததும் மெஹர் அவனைவிட்டு வெளியேறுகிறாள். இங்கே ஒளிந்திருந்து பார்க்கும் சிறுமி இல்லை. நடுவயதுப் பெண்ணின் முடிவும் அதற்கு அவள் கொடுக்கும் விலையும் இருக்கிறது. மருமகளை அடக்கும் மாமியார் என்று நாம் எதிர்பார்க்கும் ஆசியாவோ, பெற்ற மகனின் கண்டிப்புக்கு அவளே பயந்து கிடக்கிறாள். சல்மாவின் வாழ்க்கைக் குறிப்பில் எந்த வரியை வைத்து ஆசியாவை விளக்குவீர்கள்?

நூலகத்தூண்:
ஆசியாவை விளக்க எனக்கு எந்தக் குறிப்பும் வேண்டாம். எங்கள் தெருவில் மூன்று வீட்டில் இருக்கிறாள். ‘மனாமியங்கள்’ படிக்காமல் இங்கே பேசுகிறவர்கள் முதலில் அதைப் படித்துவிட்டு வாருங்கள். ஆசியாவையும் அவள் மகள் பர்வீனையும் வைத்துத் தனி இழை தொடங்கலாம், நான் தயார்.