ஆர்மா 3: 300 மீட்டரில் ஒரு குண்டுகூடப் படவில்லை, எங்கே தப்பு செய்கிறேன்?

செல்வா_திருச்சி:

வணக்கம். ஆர்மா 3 என்ற கணினிப் போர் விளையாட்டை விளையாட ஆரம்பித்து நான்கு மாதம் ஆகிறது. அதற்கு முன்னால் ஐந்தாறு வருடம் கவுன்டர் ஸ்டிரைக்தான். அங்கே என் குறி மோசமில்லை. இங்கே வந்த பிறகு அந்தப் பழக்கம் எதுவும் கை கொடுக்கவில்லை.

போன சனிக்கிழமை நடந்ததை அப்படியே சொல்கிறேன். எங்கள் குழுவில் எட்டுப் பேர். விளையாட்டில் வரும் ஆல்டிஸ் தீவில், கவலா ஊருக்குக் கிழக்கே மேட்டில் ஏறி, கீழே சாலைத் தடுப்பில் நிற்கும் இரண்டு காவலர்களை நான் வீழ்த்த வேண்டும். அவர்கள் விழுந்ததும் மற்றவர்கள் ஊருக்குள் இறங்குவார்கள். தூரம் அளக்கும் ரேஞ்ச்ஃபைண்டரில் 310 மீட்டர் காட்டியது. மேடு முழுக்க ஓடியே ஏறி, குத்துக்காலிட்டு, உடனே குறி வைத்துச் சுட்டேன். முதல் குண்டு எங்கே போனது என்றே தெரியவில்லை. அடுத்த இரண்டும் அப்படித்தான். பதற்றத்தில் தொடர்ந்து சுடும் ஆட்டோ முறைக்கு மாற்றி மேகசினைக் காலி செய்தேன். 30 குண்டில் ஒன்றுகூடப் படவில்லை. அதற்குள் அவர்கள் நாங்கள் இருக்கும் இடத்தைக் கண்டுகொண்டார்கள், எங்களில் மூன்று பேர் போனார்கள். யாரும் என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதுதான் எனக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது.

கையில் எம்எக்ஸ் ரைஃபிள். முதுகில் பிசிஎம்எல் லாஞ்சர், கேரிஆல் பையில் அதற்கு இரண்டு ராக்கெட், மேகசின் 12. முதலில் ஆர்கோ ஸ்கோப் வைத்திருந்தேன். பெரிதாகத் தெரிந்தால் சரியாகிவிடும் என்று எம்ஓஎஸ் ஸ்கோப்புக்கு மாறினேன். குறி ஆடுவது இன்னும் அதிகமானதுபோல் இருக்கிறது. மவுஸ் சென்சிட்டிவிட்டியைக் குறைத்துப் பார்த்தேன், கூட்டிப் பார்த்தேன். ஒன்றும் மாறவில்லை.

இந்த சனிக்கிழமையும் அதே வேலையை என்னிடம்தான் கொடுத்திருக்கிறார்கள். நம்பிக் கொடுத்தவர்களிடம் மறுபடி இப்படி நடக்கக்கூடாது. எதிலிருந்து ஆரம்பிப்பது?

ஜெட்_வேலு:

ப்ரோ, முதலில் செட்டிங்ஸைப் பாருங்கள். கன்ட்ரோல்ஸில் மவுஸ் ஸ்மூத்திங் என்று ஒரு ஸ்லைடர் இருக்கும். அதைச் சுழியத்துக்குக் கொண்டுவாருங்கள். அது இருந்தால் கை நின்ற பிறகும் குறி கொஞ்சம் நகர்ந்துகொண்டே இருக்கும். ஏய்ம் டெட்சோனையும் சுழியமாக்குங்கள். ஹெட் பாப் வேண்டாம். மோஷன் பிளர், ரேடியல் பிளர் எல்லாவற்றையும் அணைத்துவிடுங்கள்.

அப்புறம் எஃப்பிஎஸ், அதாவது நொடிக்கு எத்தனை படம் வருகிறது என்பது. ஊருக்குள் கணினியே இயக்கும் ஏஐ ஆட்கள் நிறைய இருந்தால் சிபியு திணறும், படம் விட்டுவிட்டு வரும். அந்த நேரத்தில் மவுஸை எவ்வளவு மெதுவாக நகர்த்தினாலும் குறி தாவித் தாவித்தான் போகும். 300 மீட்டரில் சுடுவதற்கு 4000 மீட்டர் தூரம் தெரிய வேண்டியதில்லை. விசிபிலிட்டியில் ஓவரால் அளவை 2000 பக்கம் இறக்கிப் பாருங்கள்.

மலர்_22:

செல்வா தம்பி, வேலு சொன்னதை முதலில் செய்துவிடுங்கள், பத்து நிமிட வேலை. ஆனால் உங்கள் பதிவைப் படித்தபோது எனக்கு மவுஸ் தெரியவில்லை, நீங்கள் அந்த மேட்டில் ஓடியதுதான் தெரிந்தது.

நான் கல்லூரியில் என்சிசியில் இருந்தேன். முதல் நாள் ஃபயரிங் இன்னும் நினைவிருக்கிறது. .22 ரைஃபிள், 25 கஜம், ஆளுக்கு ஐந்து தோட்டா. தரைவிரிப்பில் குப்புறப் படுத்திருந்தோம். வரிசையில் என் முறை தாமதமாக வந்ததால் வேகமாக ஓடிவந்து படுத்தேன். பயிற்சி கொடுத்த எங்கள் உஸ்தாத் என் பக்கத்தில் வந்து குனிந்து, "இரு. மூச்சு அடங்கட்டும்" என்றார். நான் படுத்திருந்த விரிப்பு என் மூச்சுக்கு ஏறி இறங்கியது எனக்கே தெரிந்தது. பக்கத்து லேனில் எல்லோரும் சுட்டு முடித்த பிறகுதான் என்னைச் சுடச் சொன்னார். ஐந்தும் ஒரு உள்ளங்கை அகலத்துக்குள் விழுந்தன. நடுப்புள்ளியிலிருந்து அத்தனையும் இடது பக்கம் தள்ளி. நான் முகம் வாடி நின்றேன். அவர் அட்டையைக் கையில் வாங்கிப் பார்த்துவிட்டு, குரூப்பிங் (குண்டுகள் ஒன்றாக விழுவது) நன்றாக இருக்கிறது, இடம் மாறியது துப்பாக்கியின் வேலை, அதை நான் பார்த்துக்கொள்கிறேன் என்றார்.

ஆர்மா இந்த விஷயத்தை ஒழுங்காகச் செய்திருக்கிறது. அதனால்தான் எனக்கு இந்த விளையாட்டு பிடிக்கும். கவுன்டர் ஸ்டிரைக்கில் குறி உங்கள் கையில் இருக்கிறது. இங்கே உங்கள் சிப்பாயின் உடம்பில் இருக்கிறது. அவன் களைத்திருந்தால் குழல் ஆடும், கையில் அடிபட்டிருந்தால் இன்னும் ஆடும். லாஞ்சர், இரண்டு ராக்கெட், 12 மேகசின் எல்லாவற்றையும் சுமந்துகொண்டு மேடு ஏறியவன் எவ்வளவு சீக்கிரம் களைப்பான் என்று யோசியுங்கள். அவன் தெம்பைக் காட்டும் ஸ்டாமினா பட்டை காலியாக இருக்கும்போது நீங்கள் மவுஸை எப்படிப் பிடித்தாலும் பயனில்லை. எம்ஓஎஸ் ஸ்கோப் அந்த ஆட்டத்தைக் கூட்டவில்லை, பெரிதாக்கிக் காட்டியது, அவ்வளவுதான். ஆர்கோவுக்கே திரும்புங்கள்.

சனிக்கிழமைக்குள் செய்ய வேண்டியது:

லாஞ்சரையும் ராக்கெட்டையும் வேறு யாரிடமாவது கொடுங்கள். தூரத்தில் சுடும் ஆளுக்கு அது வேலையில்லாத சுமை. மேகசின் 7 போதும். மேட்டின் கடைசி 100 மீட்டரை நடந்தே ஏறுங்கள். ஏறியதும் சுடாதீர்கள், பட்டை நிரம்பும்வரை வெறுமனே பாருங்கள். காவலர்கள் எங்கேயும் போய்விட மாட்டார்கள்.

அடுத்து, துப்பாக்கியை எதன்மேலாவது சாய்த்து வையுங்கள். மார்க்ஸ்மென் டிஎல்சி என்ற கூடுதல் தொகுப்பு வந்தபோது, 2015 ஏப்ரலில், இந்த வசதியை எல்லோருக்கும் இலவசமாகவே கொடுத்தார்கள். ஆனாலும் பாதிப் பேர் பயன்படுத்துவதே இல்லை. ஒரு கைப்பிடிச் சுவர், மணல்மூட்டை, ஜன்னல் விளிம்பு, எதுவானாலும் சரி. அதன் பக்கத்தில் போய் அசையாமல் நின்றால், வலது மேல் மூலையில் ஆயுதத் தகவலோடு ஒரு சிறு அடையாளம் வரும். துப்பாக்கி சாய்ந்துவிட்டது என்று அர்த்தம். அப்போது சி கீயை அழுத்தினால் அங்கேயே ஊன்றிக்கொள்ளும். சுவர் உயரம் ஒத்துவரவில்லை என்றால் கன்ட்ரோலைப் பிடித்துக்கொண்டு டபிள்யூ அல்லது எஸ் அழுத்துங்கள், உடம்பு கொஞ்சம் கொஞ்சமாக உயர்ந்து தாழும். நான் ஜன்னல் விளிம்புக்கு இரண்டு படி மேலே, ஒரு படி கீழே என்று தேடித்தேடி அந்த அடையாளம் வரும் இடத்தைப் பிடிப்பேன். பைபாட் என்ற இரட்டைக் கால் தாங்கி மாட்டியிருந்தால் படுத்துக்கொண்டும் ஊன்றலாம்.

மூச்சைப் பிடிப்பது கடைசி. ரைட் கிளிக்கை அழுத்திப் பிடித்தால் படம் பெரிதாகும், மூச்சும் நிற்கும். அதைத் தேடும்போதே பிடித்துக்கொண்டே இருக்கிறீர்கள் என்று நினைக்கிறேன். எல்லோரும் செய்வது அதுதான். ரொம்ப நேரம் பிடித்தால் ஆட்டம் முன்னைவிட மோசமாகத் திரும்பும். குறி இலக்குக்கு வந்த பிறகு பிடியுங்கள், சுடுங்கள், விடுங்கள்.

சுட்ட பிறகு கண்ணை எடுக்காதீர்கள். குண்டு விழுந்த இடத்தில் மண் பறக்கும். அதைப் பார்க்காமல் அடுத்த குண்டைச் சுட்டால் முதல் குண்டு வீண். அன்றைக்கு 30 குண்டும் எங்கே விழுந்தன என்று உங்களுக்குத் தெரியாது. எனக்கு அதுதான் பெரிய தப்பாகத் தெரிகிறது. குறி தவறியதைவிட.

ஜெட்_வேலு:

அக்கா சொன்னதில் ஜீரோயிங், அதாவது எத்தனை மீட்டரில் குறியும் குண்டும் ஒரே இடத்தில் சேரும்படி ஸ்கோப்பை வைப்பது, விட்டுப்போயிற்றே. செல்வா, அன்றைக்கு ஜீரோ எத்தனையில் இருந்தது?

செல்வா_திருச்சி:

ஜீரோ என்று ஒன்று இருப்பதே எனக்குத் தெரியாது. இப்போது திறந்து பார்த்தேன். 100 என்று இருக்கிறது. நான் தெரிந்து எதையும் மாற்றியதில்லை, அதனால் அன்றைக்கும் இதுவாகத்தான் இருந்திருக்கும்.

மலர்_22:

அப்படியென்றால் பாதிக் கதை அங்கேயே முடிந்துவிட்டது தம்பி.

நொடிக்கு சுமார் 800 மீட்டர் வேகத்தில் கிளம்பும் குண்டு 300 மீட்டர் போக ஏறத்தாழ 0.4 நொடி ஆகும். அந்த நேரத்தில் அது 75 சென்டிமீட்டருக்கு மேல் கீழே இறங்கிவிடும். 100க்கு ஜீரோ வைத்திருந்தால் அதில் ஒரு பங்கைத்தான் ஸ்கோப் ஈடுகட்டும், மிச்சம் அரை மீட்டர் குறையும். நெஞ்சைப் பார்த்துச் சுட்டால் தொடைக்குப் போகும். தடுப்புக்குப் பின்னால் நிற்பவனுக்குத் தொடை எங்கே தெரிகிறது? தடுப்பில்தான் பட்டிருக்கும்.

பேஜ் அப் அழுத்தினால் ஜீரோ தூரம் கூடும், பேஜ் டவுன் அழுத்தினால் குறையும். ரேஞ்ச்ஃபைண்டர் இல்லாத நாளில் மேப்பைத் திறந்து பெரிதாக்குங்கள், சின்னக் கட்டம் ஒவ்வொன்றும் 100 மீட்டர். இருவருக்கும் நடுவில் எத்தனை கட்டம் என்று எண்ணினால் போதும்.

நான் 300இல் வைத்துவிட்டு அப்படியே விட்டுவிடுவேன். 100 மீட்டரில் ஒருவன் திடீரென்று வந்தால் குண்டு ஒரு சாண் அளவுக்கு மேலே போகும். அப்போது இடுப்புக்கு மேலே, வயிற்றைப் பார்த்துச் சுட்டால் நெஞ்சில் படும். சண்டை நடுவில் கீயைத் தேடிக்கொண்டிருக்க வேண்டாம்.

300 மீட்டரில் ஒரு ஆளின் நெஞ்சகலம், கை நீட்டிப் பிடித்த ஒரு கடுகு அளவுதான் தெரியும். அதை ஓடி வந்த மூச்சோடு அடிக்க முடியவில்லை என்று வருத்தப்பட வேண்டாம்.

ஸ்ட்ராடிஸ்_பாஸ்கர்:

இவ்வளவு கணக்கு தேவையா? ஃபயரிங் டிரில் சேலஞ்சை ஒரு வாரம் விளையாடச் சொல்லுங்கள். ஓடிக்கொண்டே, நேரம் பார்த்துக்கொண்டே சுட வேண்டும். எனக்கு அதிலேதான் கை வந்தது.

மலர்_22:

பாஸ்கர், டிரில் நல்லதுதான். ஆனால் அதில் தூரம் குறைவு, வேகம்தான் பரீட்சை. தம்பிக்கு இருப்பது 300 மீட்டர் வேலை. அவசரத்தில்தான் அவர் தோற்றார், மறுபடி அவசரத்தையே பழக வேண்டாம்.

செல்வா, நாமே களம் அமைக்கும் ஈடன் எடிட்டரில் ஸ்ட்ராடிஸ் தீவைத் திறந்து, காமினோ ஃபயரிங் ரேஞ்ச் பக்கம் உங்களை வைத்துக்கொள்ளுங்கள். வெறும் சுவர் ஒன்றை எடுத்துக்கொண்டு 100 மீட்டர் தள்ளிப் படுங்கள். சுவரில் ஏதாவது ஒரு கறையைக் குறியாக வைத்து, ஒவ்வொன்றாகப் பத்துக் குண்டு. பிறகு எழுந்து நடந்து போய்ச் சுவரைப் பாருங்கள். ஓட்டைகள் ஒரு தட்டு அகலத்துக்குள் இருக்கின்றனவா, சுவர் முழுக்கச் சிதறியிருக்கின்றனவா? கறையில் பட்டதா என்று இப்போதைக்குப் பார்க்கவே வேண்டாம். ஒன்றாக விழுந்தால் உங்கள் உடம்பு சரி, ஜீரோவை மட்டும் மாற்றினால் போதும். சிதறியிருந்தால் சாய்மானம், மூச்சு, இரண்டில் ஒன்று சரியில்லை. அப்புறம் 200, அப்புறம் 300. காற்றைப் பற்றிக் கவலை வேண்டாம், மாட் (மற்றவர்கள் செய்து சேர்க்கும் மாற்றம்) இல்லாத ஆர்மாவில் காற்று குண்டைத் தள்ளாது. உங்கள் குழு ஏஸ் மாட் போட்டு அட்வான்ஸ்டு பாலிஸ்டிக்ஸையும் திறந்திருந்தால் சொல்லுங்கள், அது தனிப் பாடம்.

செல்வா_திருச்சி:

ஏஸ் இல்லை அக்கா. நேற்றும் இன்றும் காமினோவில்தான் இருந்தேன்.

முதல் பத்து, குத்துக்காலிட்டு, எதிலும் சாயாமல்: சுவரில் ஆள் உயரத்துக்குச் சிதறிக் கிடந்தது. போய்ப் பார்த்தபோதுதான் சனிக்கிழமை என்ன நடந்தது என்று புரிந்தது. இரண்டாவது பத்து, பைபாட் மாட்டிப் படுத்து, ஒவ்வொரு குண்டுக்கும் மூச்சு விட்டு: எல்லாம் ஒரு தோசைக்கல் அகலத்துக்குள். அதே துப்பாக்கி, அதே கை. 300 மீட்டரில் தானாக விழும் டார்கெட் ஐந்தை வைத்தேன். ஜீரோ 300. எட்டுக் குண்டில் ஐந்தும் விழுந்தன.

ஒரு சந்தேகம். ஒருவன் குறுக்கே ஓடினால்?

மலர்_22:

எட்டுக்கு ஐந்து! ரொம்பச் சந்தோஷம் தம்பி.

குறுக்கே ஓடுபவன் நொடிக்கு 5 மீட்டர் ஓடுகிறான் என்று வையுங்கள். குண்டு போய்ச் சேரும் 0.4 நொடியில் அவன் 2 மீட்டர் தள்ளியிருப்பான். ஆகவே அவனுக்கு முன்னால் ஒரு ஆள் படுத்திருக்கும் நீளத்தைவிடச் சற்று அதிகமாக இடம் விட்டுச் சுட வேண்டும். 150 மீட்டரில் அதில் பாதி. ஆனால் உங்கள் இடத்தில் நான் இருந்தால் சுட மாட்டேன். ஓடுபவன் எங்கேயாவது ஒளிய நிற்பான். அவன் போகும் சுவரின் முனையில் குறியை வைத்துக் காத்திருப்பேன்.

சனிக்கிழமை முதலில் தூரத்தில் நிற்கும் காவலனைச் சுடுங்கள். கிட்டே இருப்பவன் விழுந்தால் மற்றவன் உடனே பார்ப்பான்.

செல்வா_திருச்சி:

லாஞ்சரை வேறு ஒருவர் வாங்கிக்கொண்டார். மேட்டில் கொஞ்சம் கீழே இடிந்த கல்சுவர் ஒன்று இருக்கிறது, மேப்பில் மூன்று கட்டம், அங்கிருந்து தடுப்பு நேராகத் தெரிகிறது. இன்று இரவு தனியாகப் போய் எந்த உயரத்தில் துப்பாக்கி சாய்கிறது என்று பார்த்துவிட்டு வருகிறேன். ஞாயிறு காலை எழுதுகிறேன் அக்கா.