பொலிவியாவின் தலைநகரம் சூக்ரேயா, லா பாஸா?

வரைபடப்பிரியன்:
பள்ளி மாணவர்களுக்கான வினாடி வினாவுக்குத் தென் அமெரிக்கத் தலைநகரங்கள் பற்றி 20 கேள்விகள் தயாராகின்றன. பொலிவியாவில்தான் சிக்கல். ஒரு பொது அறிவு நூலில் லா பாஸ், இன்னொன்றில் சூக்ரே, மூன்றாவதில் இரண்டும். எதை விடையாக வைப்பது? இரண்டு எப்படி வந்தது என்று விடைத்தாளில் இரண்டு வரி சேர்க்கவும் வேண்டும். இதுபோல வேறு எந்தெந்த நாடுகளில் தவறு நேரும்?

மலைப்பாதை:
"தலைநகரம்" என்று மட்டும் கேட்டால் விடை சூக்ரே. 2009ஆம் ஆண்டின் அரசியலமைப்பு, 6ஆம் பிரிவில் சூக்ரேயைப் பெயர் சொல்லியே தலைநகரம் என்கிறது. ஆனால் குடியரசுத் தலைவரும் அமைச்சகங்களும் நாடாளுமன்றமும் இருப்பது லா பாஸில். சூக்ரேயில் உள்ளவை உச்ச நீதிமன்றம், அரசியலமைப்புத் தீர்ப்பாயம் போன்ற நீதி அமைப்புகள்தான். எனவே கேள்வியை "அரசியலமைப்புப்படி பொலிவியாவின் தலைநகரம் எது?" என்றோ, "பொலிவிய அரசு எந்த நகரிலிருந்து இயங்குகிறது?" என்றோ மாற்றுங்கள். மொட்டையாகக் கேட்டால் எந்த விடை சொன்ன பிள்ளையும் மதிப்பெண் கேட்கும், கேட்பதில் நியாயமும் இருக்கும்.

வரலாறு வெள்ளி உலோகத்தில் தொடங்குகிறது. பொலிவியாவின் சுரங்க ஊரான பொடோசியில் செரோ ரிகோ மலையின் வெள்ளி 1545இல் வெளியே தெரிந்தது. அந்த ஊர் ஏறக்குறைய 4,000 மீட்டர் உயரத்தில், கடுங்குளிரில் இருக்கிறது. அதனால் சுரங்க முதலாளிகளும் நீதிபதிகளும் பாதிரியார்களும் 2,800 மீட்டர் அளவில் தட்பவெப்பம் இதமாக இருந்த பக்கத்து நகரில் வீடு கட்டினார்கள். அதுதான் இன்றைய சூக்ரே. 1559இல் அரச உயர் நீதிமன்றம், 1624இல் பல்கலைக்கழகம், 1825 ஆகஸ்ட் 6 அன்று விடுதலைப் பிரகடனம் எல்லாம் அங்கேதான். விடுதலைப் போர்த் தளபதி அந்தோனியோ ஹோசே தே சூக்ரேயின் பெயரைச் சூட்டி, அதை நிலையான தலைநகரமாக்கிய சட்டம் 1839இல் வந்தது. அதற்கு முன் சார்காஸ், லா பிளாட்டா, சுகிசாகா என்ற பெயர்கள் வழங்கின. இங்கே ஓர் எச்சரிக்கை: அர்ஜென்டினாவில் 1882இல் நிறுவப்பட்ட லா பிளாட்டா வேறு ஊர். பழைய ஆவணத்தில் "லா பிளாட்டா" என்று பார்த்தால் முதலில் ஆண்டைப் பாருங்கள்.

சட்டம் இருந்தும், 19ஆம் நூற்றாண்டில் அரசு ஓரிடத்தில் உட்காரவில்லை. அடுத்தடுத்துக் கலகங்கள். குடியரசுத் தலைவர் படையோடு ஊர் ஊராகப் போவார், அவர் இருக்கும் இடமே அரசு. நாடாளுமன்றம் ஓருரோவிலும் கோச்சபாம்பாவிலும் லா பாஸிலும் கூடியிருக்கிறது. அந்த நூற்றாண்டின் முடிவில் வெள்ளியின் விலை சரிந்து வெள்ளீயம் மேலே வந்தது. வெள்ளீயச் சுரங்கங்கள் ஓருரோவைச் சுற்றியும் பொடோசியின் வடக்கிலும் இருந்ததால், பணம் லா பாஸ் பக்கம் திரும்பியது. வெள்ளி முதலாளிகளின் கையிலிருந்த பழமைவாதக் கட்சிக்கு சூக்ரே கோட்டை. தாராளவாதக் கட்சிக்கு லா பாஸ்.

1898 நவம்பரில், குடியரசுத் தலைவர் சூக்ரேயிலேயே தங்க வேண்டும் என்ற சட்டத்தை சூக்ரே உறுப்பினர்கள் நிறைவேற்றினார்கள். லா பாஸ் உறுப்பினர்கள் வெளியேறினார்கள். டிசம்பரில் உள்நாட்டுப் போர் மூண்டது. லா பாஸ் தரப்புக்குத் தளபதி ஹோசே மானுவல் பாண்டோ. அவருக்குப் பக்கபலமாகப் பாப்லோ சாராத்தே வில்கா தலைமையில் அயமாராப் பழங்குடி உழவர்கள் திரண்டார்கள். 1899 ஏப்ரலில் ஓருரோ அருகே அரசுப் படை தோற்றது. கூட்டாட்சி கேட்டுப் போருக்குப் போனவர்கள் வென்றதும் அந்தக் கோரிக்கையைக் கைவிட்டு, ஒற்றையாட்சியை அப்படியே வைத்துக்கொண்டார்கள். அரசை மட்டும் லா பாஸிலேயே நிறுத்திக்கொண்டார்கள். தங்களுக்காகப் போரிட்ட அயமாராத் தலைவர்களைச் சிறையில் அடைத்தார்கள். இந்தத் துரோகத்தைப் பல நூல்கள் ஒரு வரியில்கூடச் சொல்வதில்லை. தலைநகரம் பற்றிய சட்டத்தை மாற்றவில்லை, நீதிமன்றத்தையும் சூக்ரேயிலிருந்து எடுக்கவில்லை. அதனால் விடைத்தாளில் "இரு நகரங்களும் ஒப்பந்தம் செய்து பிரித்துக்கொண்டன" என்று எழுதிவிடாதீர்கள். போரில் வென்றவர்கள் பாதியில் விட்ட வேலை அது. புண் இன்னும் ஆறவில்லை: 2007இல் அரசியல் நிர்ணய சபை சூக்ரேயில் கூடியபோது, அரசு முழுவதும் திரும்பி வர வேண்டும் என்று எழுந்த போராட்டத்தில் உயிர்கள் போயின.

ஏழுகடல்:
அடுத்த பொறி பிரேசில். "பிரேசிலின் முந்தைய தலைநகரம்" என்று கேட்டால் ரியோ டி ஜெனிரோ என்று எல்லோரும் சொல்வார்கள். "முதல் தலைநகரம்" என்றால் சால்வடோர். 1549இல் போர்ச்சுகல் ஆளுநர் தோமே தே சோசா, தலைநகரமாக இருக்க வேண்டும் என்றே அதைக் கட்டினார். ஆகவே "திட்டமிட்டுக் கட்டிய தலைநகரம்" என்ற பெருமை இன்றைய தலைநகரமான பிரசிலியாவுக்கு மட்டும் உரியதல்ல. 1763இல் தலைநகரம் ரியோவுக்குப் போனதற்கு இரண்டு காரணங்கள்: மினாஸ் ஜெராய்ஸ் தங்கம் ரியோ துறைமுகம் வழியாக வெளியேறியது, தெற்கே ஸ்பெயினோடு எல்லைச் சண்டை நடந்துகொண்டிருந்தது. 1808இல் நெப்போலியனின் படைக்குத் தப்பிய போர்ச்சுகல் அரச குடும்பமே ரியோவுக்கு வந்துவிட்டது. ஐரோப்பியப் பேரரசு ஒன்று தன் குடியேற்ற நாட்டிலிருந்து ஆளப்பட்டது அப்போதுதான். இதில் ஒரு கேள்வி கட்டாயம் வையுங்கள்.

தலைநகரத்தைக் கரையிலிருந்து உள்நாட்டுக்கு மாற்றும் எண்ணத்தை, பிரசிலியாவைக் கட்டிய குடியரசுத் தலைவர் ஜூசெலினோ குபிச்செக் புதிதாகக் கண்டுபிடிக்கவில்லை. 1891ஆம் ஆண்டின் அரசியலமைப்பே நடு மேட்டு நிலத்தில் 14,400 சதுர கிலோமீட்டரை இதற்காக ஒதுக்கியது. நகரின் திட்டம் லூசியோ கோஸ்டா, முக்கியக் கட்டடங்கள் ஆஸ்கார் நீமேயர். இந்த இரண்டையும் நூல்கள் மாற்றிப் போடுகின்றன. திறப்பு 1960 ஏப்ரல் 21. விடுதலைக்காகத் தூக்கிலிடப்பட்ட திராதெந்தெஸின் நினைவு நாளாகப் பார்த்துத் தேர்ந்தெடுத்த தேதி அது.

பழையநிலப்படம்:
ஏழுகடல் சொன்னதில் ஒரு திருத்தம். 1621க்குப் பிறகு சால்வடோர் இன்றைய பிரேசில் முழுமைக்கும் தலைநகரமாக இல்லை. அந்த ஆண்டு வடக்குப் பகுதியை மாரஞ்ஞாவ் என்று தனியே பிரித்தார்கள். அதன் தலைநகரம் சாவோ லூயிஸ், பிறகு பெலேம். காற்றும் கடல் நீரோட்டமும் எதிராக இருந்ததால், சாவோ லூயிஸிலிருந்து சால்வடோருக்குப் பாய்மரக் கப்பல் ஓட்டுவதைவிட லிஸ்பனுக்கு ஓட்டுவது எளிது. அதனால் நேரே லிஸ்பனுக்கே பதில் சொல்லும்படி அமைத்தார்கள்.

இன்னொன்று, "உலகின் மிக உயரமான தலைநகரம்" கேள்வி. லா பாஸ் சுமார் 3,640 மீட்டர், ஈக்வடாரின் கீட்டோ சுமார் 2,850, சூக்ரே அதைவிடச் சற்றே தாழ்வு. பொலிவியாவுக்கு சூக்ரே என்று விடை வைத்துவிட்டு, இந்தக் கேள்விக்கு லா பாஸ் என்று வைத்தால் உங்கள் தாளே முரண்படும். சூக்ரேயை எடுத்தால் இங்கே கீட்டோதான் விடை.

வரைபடப்பிரியன்:
மிக்க நன்றி. அந்த முரண்பாடு தாளில் அப்படியே இருந்தது, திருத்தியாயிற்று. பெருவும் சிலியும் கேள்வி இல்லாமல் கடந்துவிடலாமா?

மலைப்பாதை:
பெருவுக்கு லிமா என்பதில் ஐயமில்லை. ஆனால் 1993ஆம் ஆண்டின் அரசியலமைப்பு 49ஆம் பிரிவில் குஸ்கோவை "வரலாற்றுத் தலைநகரம்" என்கிறது. இன்காக்களின் தலைநகரம் அது. ஸ்பானியர்கள் அங்கிருந்து நேரே லிமாவுக்கு வரவில்லை; நடுவில் 1534இல் மலை மேல் ஹாவ்ஹாவைத் தலைநகரமாக்கினார்கள். கடலும் கப்பலும் எட்டாத தொலைவு என்பதால், 1535 ஜனவரி 18 அன்று ஸ்பானியத் தளபதி பிசாரோ கரையோரத்தில் லிமாவை நிறுவினார்.

சிலிக்கு சாந்தியாகோ. நாடாளுமன்றம் மட்டும் 1990 முதல் வால்பராய்சோவில். இதை வைத்து "சிலிக்கு இரண்டு தலைநகரங்கள்" என்று எழுதுவது தவறு.

அர்ஜென்டினாவின் தலைநகரம் புவனோஸ் அயர்ஸ் நிறுவப்பட்ட ஆண்டைக் கேட்காமல் இருப்பது நல்லது. 1536இல் பெத்ரோ தே மெண்டோசா நிறுவினார். பட்டினியும் பழங்குடிகளின் எதிர்ப்பும் தாங்காமல் 1541இல் கைவிட்டார்கள். 1580இல் ஹுவான் தே கராய் அசுன்சியோனிலிருந்து ஆட்களைக் கூட்டிவந்து மறுபடி நிறுவினார். இரண்டு ஆண்டுகளும் சரியான விடைகளே. கூட்டாட்சியின் தலைநகரமாக அது உறுதியானது 1880இல்தான்.

கயென் பிரெஞ்சு கயானாவின் தலைமையிடம். அது பிரான்சின் பகுதி, தனி நாடல்ல. நாடுகளின் பட்டியலில் சேர்க்காதீர்கள். கொலம்பியாவுக்கு "சாந்தஃபே தே பொகோட்டா" என்று அச்சிட்ட நூல் இருந்தால், அது 1991க்கும் 2000க்கும் இடைப்பட்ட பெயர். இப்போது பொகோட்டா என்றே எழுதுங்கள்.