ஜல்லி போட்ட தொட்டியில் செடி ஏன் செத்தது?

தொட்டியின் அடியில் இரண்டு அங்குலம் ஜல்லி பரப்பினால் தண்ணீர் நன்றாக வடியும் என்று எனக்கு யார் சொன்னார்கள் என்பது நினைவில்லை. எல்லாரும் சொன்னார்கள் என்றுதான் தோன்றுகிறது. ஆறு தொட்டியிலும் பரப்பித் தக்காளி நட்டேன். மூன்றாவது வாரம் இலைகள் தொங்கின. தண்ணீர் போதவில்லை என்று நினைத்து இன்னும் ஊற்றினேன். காற்றில்லாமல் திணறும் வேரால் தண்ணீரை உறிஞ்ச முடியாது. அதனால் தாகத்தில் வாடிய செடியும் தண்ணீரில் மூழ்கிய செடியும் பார்வைக்கு ஒன்றுபோலவே இருக்கும். அப்போது இது எனக்குத் தெரியாது.

ஒரு தொட்டியைக் கவிழ்த்துப் பார்த்தேன். மேல்மண் காய்ந்திருந்தது. ஜல்லிக்குச் சற்று மேலே நான்கு விரல் உயரத்துக்கு மண் கூழாகிக் கிடந்தது. வேர்கள் அழுகி, இழுத்தால் தோல் உரிந்து வந்தன. சாக்கடை நாற்றம் வேறு. ஜல்லி இடுக்கில் மட்டும் தண்ணீரே தேங்கவில்லை!

மண்ணின் நுண்துளைகள் தண்ணீரை இறுகப் பிடித்துக்கொள்ளும். மண் முழுக்க ஊறித் ததும்பினால்தான் ஜல்லியின் பெரிய இடைவெளிக்குள் அதை விடும். தொட்டியின் தரையில் இருந்திருக்க வேண்டிய சேறு ஜல்லிக்கு மேலே ஏறி, வேருக்குப் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டது. நம்பாதவர்கள் பாத்திரம் துலக்கும் ஸ்பாஞ்சை நனைத்துப் படுக்கையாகப் பிடியுங்கள். சொட்டு நின்றதும் செங்குத்தாக நிமிர்த்துங்கள், மறுபடி சொட்டும். உயரம் கூடினால் வடியும். நானோ ஜல்லியைப் போட்டு மண்ணின் உயரத்தைக் குறைத்திருந்தேன்.

இப்போது துளைமேல் ஒரு துண்டு வலை, அதன்மேல் நேராகத் தேங்காய் நார்த்தூளும் மக்கிய உரமும் பெர்லைட்டும் (பொரிபோல இலேசான வெள்ளைக் கல் குருணை) சேர்ந்த கலவை. துளை தரையோடு ஒட்டாமலிருக்க அடியில் மூன்று செங்கல் துண்டுகள்.

* * *

ஜல்லியில் நான் தப்பித்தேன், மேட்டுப்பாத்தியில் மாட்டிக்கொண்டேன். பலகை அடித்து நல்ல மண் நிரப்பினேனே தவிர, கீழே இறுகிக் கிடந்த களிமண்ணைத் தொடவில்லை. மழை பெய்தால் பாத்தி குளமாகிவிடும். பக்கத்தில் ஓரடிக் குழி தோண்டி, தண்ணீர் நிரப்பி வடியவிட்டு, மறுபடி நிரப்பி அளந்தேன். மணிக்கு 2.5 சென்டிமீட்டராவது இறங்க வேண்டும். எனக்கு ஒன்றுகூட இறங்கவில்லை. பாத்தியைப் பிரித்து, அடிமண்ணைக் கடப்பாரையால் நெம்பி, மக்கிய உரம் கலந்த பிறகே சரியானது. களிமண்ணில் கொஞ்சம் மணல் கலக்கச் சொல்வார்கள். கேட்காதீர்கள். அதையும் செய்து பார்த்தவன் நான், காய்ந்ததும் செங்கல்தான்.

* * *

என் தொட்டி இரண்டு ஆண்டுகள் ஒழுங்காக வடிந்துவிட்டுத் திடீரென நின்றது. கலவையைச் சந்தேகித்தேன், உரத்தைச் சந்தேகித்தேன். கடைசியில் பார்த்தால் வேரே துளையைத் தக்கைபோல அடைத்திருந்தது. அடியில் குச்சியை விட்டுக் குடைந்ததும் கறுப்புத் தண்ணீர் முழுவதும் என் காலில் கொட்டியது. இப்போது மாதம் ஒருமுறை குடைகிறேன், சற்றுத் தள்ளி நின்று.