கபி ஹாங் கபி நா: சுனிலை இவ்வளவு எளிதாக மன்னித்துவிடலாமா?

கடலலை:
நேற்று இரவு ‘கபி ஹாங் கபி நா’ மறுபடியும் பார்த்தேன். 1994இல் குந்தன் ஷா எடுத்த இந்திப் படம். கோவாவில் ஒரு பாட்டுக்குழு, அதில் டிரம்பெட் ஊதும் சுனிலாக ஷாருக் கான். பரீட்சையில் தேற மாட்டான். அவன் காதலிக்கும் அன்னாவின் மனசும் கிடைக்காது, அது கிறிஸிடம் இருக்கிறது. ஷாருக் நடித்ததிலேயே எனக்கு நெருக்கமானவன் இந்தச் சுனில்தான்.

வெண்பா:
அவன் செய்வதைப் பாருங்கள். பொய் சொல்லி இரண்டு பேரையும் பிரிக்கப் பார்க்கிறான். போலி மார்க் ஷீட்டைக் காட்டி வீட்டையே ஏமாற்றுகிறான். அவன் சிரித்ததும் நாம் எல்லாவற்றையும் மறந்துவிடுகிறோம். அன்னாவின் பக்கம் நின்று யாராவது யோசித்தோமா?

கடலலை:
படம் மறக்கவில்லையே! பொய் வெளுத்ததும் நண்பர்களே அவனைக் குழுவிலிருந்து விரட்டுகிறார்கள். அப்புறம் அந்த மார்க் ஷீட். பிளஸ் டூவில் கணக்கில் போனதை நான் மூன்று நாள் வீட்டில் சொல்லவில்லை. பாஸ் என்று நம்பி அம்மா பக்கத்து வீட்டுக்குக் கேசரி கொடுத்தனுப்பினார். கழுவிய கிண்ணத்தில் அவர்கள் சர்க்கரை போட்டுத் திருப்பிக் கொடுத்தார்கள். அதை வாங்கி வைத்த கை இது. சுனில் உண்மையை ஒப்புக்கொள்ளும் இடத்தில் என்னால் அவனை வெறுக்க முடியாது.

தாமரை:
ஒன்றைச் சேர்த்துக்கொள்ளுங்கள். ‘டர்’ படம் வந்தது 1993 டிசம்பரில். விருப்பமில்லாத பெண்ணை விடாமல் துரத்துகிறவர் அதிலும் இதே ஷாருக்தான். இரண்டு மாதம் கழித்து இந்தப் படத்தில், அன்னாவின் வீட்டாரே இவனுக்குப் பெண் கொடுக்கச் சம்மதித்த பிறகும், அவளைக் கிறிஸுடன் சேர்த்து வைக்கிறான்.

வெண்பா:
அதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கடைசியில் நடிகை ஜூஹி சாவ்லாவைக் கொண்டுவந்து நிறுத்துகிறார்களே, ஆறுதல் பரிசு மாதிரி? தோற்றவன் வெறுங்கையோடு வீட்டுக்குப் போனால் என்ன குறைந்துவிடும்?

கடலலை:
சரி, அந்தக் காட்சியே வேண்டாம். கல்யாணத்தில் மோதிரம் தொலைந்துபோகிறது. எல்லோரும் குனிந்து தேடுகிறார்கள். கடைசியில் அது சுனில் கண்ணில்தான் படுகிறது. எனக்குப் படம் அங்கேயே முடிந்துவிட்டது.

வெண்பா:
அங்கே நானும் அழுதேன். ஆனாலும் அன்னாவுக்கு இன்னும் நாலு வசனம் எழுதியிருக்க வேண்டும். அதை மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டேன்.